வார்ப்பிரும்புப் பாலம் எதனால் நின்றது, எதனால் விழுந்தது

மயூர் விஹாரில் இருக்கும் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார்: "ஷாஹ்தராவிலிருந்து பழைய தில்லி ஸ்டேஷனுக்கு ரயிலில் வரும்போது யமுனை மேல் வருகிற லோஹே கா புல்லும் (இரும்புப் பாலம்), இங்கிலாந்தில் ஒரு கிராமத்து ஆற்றின் மேல் இருக்கும் உலகின் முதல் இரும்புப் பாலமும் ஒரே வகைதானா? அது 240 வருஷமாக நிற்கிறது என்றால், வார்ப்பிரும்பில் ஏன் இப்போது யாரும் பாலம் கட்டுவதில்லை? அக்கா பர்மிங்ஹாமில் இருக்கிறார். போனால் பார்க்க வேண்டிய இடமா?"

கடைசிக் கேள்விக்கு, ஆமாம். முதல் கேள்விக்கு, இல்லை. நடுவில் இருக்கிறதே, அதுதான் நல்ல கேள்வி. இவ்வளவு நீளமாக எழுதுவது அதற்காகத்தான்.

விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்த இங்கிலாந்துப் பாலத்தை (பெயரே அயர்ன்பிரிட்ஜ்தான்) கட்டியவர்கள் வார்ப்பிரும்பிடம் கல்லின் வேலையை வாங்கினார்கள், அதனால் நிற்கிறது. பின்னால் வந்தவர்கள் அதே இரும்பிடம் மர உத்தரத்தின் வேலையை வாங்கப் போனார்கள். பாலங்கள் விழுந்தன, ஆட்கள் செத்தார்கள்.

இரும்பு என்று பொதுவாகச் சொல்கிறோம், ஆனால் உள்ளே எவ்வளவு கார்பன் இருக்கிறது என்பதுதான் அதன் குணத்தை முடிவு செய்கிறது. 2 சதவீதத்துக்கு மேலே, பெரும்பாலும் 3, 3.5 என்று இருந்தால் அது வார்ப்பிரும்பு. தூய இரும்பு உருகுவதற்கு 1538 டிகிரி செல்சியஸ் வேண்டும். இவ்வளவு கார்பன் சேர்ந்துவிட்டால் 1150, 1200 டிகிரியிலேயே தண்ணீராக ஓடும். மணல் அச்சில் ஊற்றினால் கேட்ட வடிவம் வந்துவிடும். கோவைப் பக்கத்து ஃபவுண்டரிகளில் பம்புக்கு உடல் வார்ப்பதைப் பார்த்தவர்களுக்கு இது புதிதில்லை.

வினை என்னவென்றால், உருகிய இரும்பு ஆறும்போது அந்தக் கார்பன் கிராஃபைட் செதில்களாகப் பிரிந்து உள்ளேயே தங்கிவிடுகிறது. ஒவ்வொரு செதிலும் ஏற்கெனவே விழுந்துவிட்ட ஒரு சிறு விரிசல் என்று வைத்துக்கொள்ளுங்கள். அமுக்கினால் விரிசல் மூடிக்கொள்ளும். இழுத்தால் வாய் திறக்கும். வார்ப்பு தோசைக்கல் கைதவறித் தரையில் விழுந்தால் இரண்டாகப் போகும், தகட்டுக் கல் விழுந்தால் நெளியும். இரண்டும் இரும்புதான். இந்த ஒரு வித்தியாசத்தில்தான் பாலங்களின் கதை முழுதும் இருக்கிறது. 1830 வாக்கில் ஈட்டன் ஹாட்ஜ்கின்சன் என்பவர் உத்தரங்களை உடைத்து உடைத்துப் பார்த்து, வார்ப்பிரும்பு அமுக்கத்தைத் தாங்குவதில் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்குதான் இழுப்பைத் தாங்கும் என்று கண்டுபிடித்தார்.

தேனிரும்பு வேறு ஜாதி. கார்பன் மிகக் குறைவு. சம்மட்டியால் அடித்து அடித்துச் செய்வது, உள்ளே நார் நாராக இருக்கும், இழுத்தால் தாங்கும், வளையும். தில்லியில் இருப்பவர்களுக்கு இதற்கு உதாரணம் தேடவே வேண்டாம். மெஹ்ரோலியில் 1600 வருஷமாக நிற்கிற இரும்புத்தூண் வார்ப்பு இல்லை. இரும்புக் கட்டிகளைக் காய்ச்சி, அடித்து ஒட்டி வளர்த்த தூண் அது. ஏழு மீட்டருக்குக் கொஞ்சம் மேல் உயரம், ஆறு டன்னுக்கு மேல் எடை. ஏன் துருப்பிடிக்கவில்லை என்பதற்கு உள்ளே இருக்கும் பாஸ்பரஸ்தான் காரணம், அது மேலே ஒரு மெல்லிய காப்புப் படலத்தை உண்டாக்குகிறது என்று கான்பூர் ஐஐடியில் இருந்த ஆர். பாலசுப்ரமணியம் விளக்கமாக எழுதியிருக்கிறார். தூணுக்கும் பாலத்துக்கும் சம்பந்தமில்லைதான். ஆனாலும் 'இரும்பு' என்ற ஒரே பெயரில் எல்லாவற்றையும் கட்டிவிடாமல் இருக்க இந்தத் தூண் உதவும்.

சரி, பாலத்துக்கு வருவோம். இங்கிலாந்தின் ஷ்ராப்ஷயரில் செவர்ன் ஆறு ஒரு குறுகிய பள்ளத்தாக்கில் நுழைந்து வெளியேறுகிறது. இன்று போய்ப் பார்த்தால் மரமும் புல்லும் அமைதியுமான நாட்டுப்புறம். அன்று அப்படி இல்லை. நிலக்கரி, இரும்புக்கல், சுண்ணாம்புக்கல் எல்லாம் கைக்கெட்டும் தூரத்தில் கிடைத்த இடம். பக்கத்துக் கோல்புரூக்டேலில்தான் 1709இல் முதலாம் ஆபிரகாம் டார்பி மரக்கரிக்குப் பதில் கல்கரியை (கோக்) வைத்து இரும்பு உருக்கிக் காட்டினார். வார்ப்பிரும்பு மலிவானது அதற்குப் பிறகுதான். பாலம் கட்டியது அவருடைய பேரன், மூன்றாம் ஆபிரகாம் டார்பி. வடிவத்தை வரைந்தவர் தாமஸ் பிரிட்சர்ட். அவர் பாலத்தைப் பார்க்கவில்லை. 1777 கடைசியிலேயே இறந்துவிட்டார்.

ஆற்றைக் கடக்க அதுவரை படகுதான். கரையோ செங்குத்து. கீழே சரக்குப் படகுகள் ஓயாமல் போய்வந்துகொண்டிருந்தன, அதனால் நடுவில் தூண் நிறுத்த இடமில்லை. ஒரே கண்ணாகத் தாவ வேண்டும், உயரமாகவும் தாவ வேண்டும். கல்லில் கட்டினால் பளு அதிகம். தவிர, அந்த ஊர்க்காரர்கள் விற்பதே இரும்பு. பாலம் அவர்களுக்குப் போக்குவரத்துக்கு எவ்வளவு தேவையோ அவ்வளவு விளம்பரத்துக்கும் தேவை. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. விளம்பரம் என்பதால்தான் யாரும் செய்யத் துணியாததைச் செய்தார்கள்.

1779 கோடையில் வளைவைத் தூக்கி நிறுத்தினார்கள். 1781 ஜனவரி 1 அன்று போக்குவரத்துக்குத் திறந்தார்கள். கண்ணின் அகலம் 100 அடிக்குக் கொஞ்சம் மேல், மீட்டரில் 30.6. மொத்த இரும்பு 378 டன். துண்டுகள் சுமார் 1,700. இணையாக ஐந்து விலாக்கள், ஒவ்வொன்றும் இரண்டு அரை வளைவாக வார்க்கப்பட்டது. ஒரு அரை வளைவின் எடை மட்டும் ஐந்தரை டன்னுக்கு மேல்.

எனக்கு இந்தப் பாலத்தில் மிகவும் பிடித்த இடம் அதன் மூட்டுகள். இரும்புத் துண்டுகளை இவ்வளவு பெரிதாக ஒன்றோடொன்று பொருத்தி அதுவரை யாரும் பழகியதில்லை. எப்படிப் பொருத்துவது? தெரிந்த முறை தச்சு முறைதான். எனவே கழுந்து, துளை, புறாவால், ஆப்பு என்று தச்சர்கள் மரத்தில் போடும் மூட்டுகளையே இரும்பில் வார்த்து வைத்தார்கள். இன்றும் கீழே நின்று அண்ணாந்து பார்த்தால் ஒரு விலா இன்னொன்றின் துளைக்குள் நுழைந்து ஆப்படித்து நிற்பது தெரியும். ஒரே மாதிரி இருக்க வேண்டிய துண்டுகளை அளந்து பார்த்தால் சில சென்டிமீட்டர் வரை வித்தியாசம் வருகிறது. அதாவது, அச்சு ஒன்று செய்துகொண்டு அச்சடித்த மாதிரி வார்க்கவில்லை. பெரும்பாலான துண்டுகளை அததன் இடத்துக்கு ஏற்பத் தனித்தனியாக வார்த்திருக்கிறார்கள். எந்தத் துண்டையும் எங்கும் மாட்டலாம் என்பது நமக்குப் பழக்கமான உலகம். அவர்கள் அதற்கு முந்தைய உலகத்தில் இருந்தார்கள்.

இதை எப்படித் தூக்கி நிறுத்தினார்கள் என்பது வெகுகாலம் புதிராக இருந்தது. 1997இல் ஸ்டாக்ஹோமில் ஒரு நீர்வண்ண ஓவியம் கிடைத்தது. எலியாஸ் மார்ட்டின் என்ற சுவீடன் ஓவியர் வேலை நடக்கும்போதே பார்த்து வரைந்தது. ஆற்றுக்குள் மரச் சாரம் நிறுத்தி, படகில் கொண்டுவந்த விலாக்களை அதிலிருந்து தூக்கியிருக்கிறார்கள் என்று அதிலிருந்துதான் புரிந்தது.

இப்போது கேள்விக்கான பதில். வளைவில் இருக்கும் துண்டுகள் எல்லாமே ஒன்றையொன்று அமுக்கிக்கொண்டு நிற்பவை. மேலே பாரம் ஏற ஏற இன்னும் அமுங்கும். இழுப்பு என்ற பேச்சே ஏறக்குறைய இல்லை. நம்மூர்க் கல் பாலங்களும் கோட்டை வாசல் வளைவுகளும் இதே கணக்கில்தான் நிற்கின்றன. பிரிட்சர்டுக்கோ டார்பிக்கோ கிராஃபைட் செதில் பற்றி எதுவும் தெரியாது. கல் வளைவு தெரியும், அதைப் பின்பற்றினார்கள், பிழைத்தார்கள். பயத்தில் தேவைக்கு மேல் இரும்பையும் போட்டார்கள். அந்த எச்சரிக்கைக்கு டார்பி கொடுத்த விலை பெரியது. மதிப்பீடு 3,200 பவுண்டு, செலவு அதைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. 1789இல் இறக்கும்வரை அவர் கடனிலிருந்து மீளவில்லை. நாற்பது வயதுகூட ஆகவில்லை.

பாலத்துக்கு நோய் வந்தது இரும்பால் இல்லை, மண்ணால். அந்தப் பள்ளத்தாக்கின் இரண்டு கரையும் ஆற்றை நோக்கி மெல்லச் சரிந்துகொண்டே இருப்பவை. கரை நெருங்கி வந்தால் நடுவில் இருக்கும் வளைவு நெருக்குப்படும். திறந்த சில வருஷங்களிலேயே விரிசல்கள் வந்தன. அவற்றுக்கு மேலே பட்டை அடித்துக் கட்டியிருப்பது இன்றும் தெரியும். தென்கரையில் இருந்த கல் கட்டுமானத்தை 1802இல் இடித்து மர வளைவுகள் வைத்தார்கள், பிறகு 1821இல் அங்கேயும் சிறிய இரும்பு வளைவுகள் வந்தன. கடைசியில் 1970களில் ஆற்றின் அடியில், கண்ணுக்குத் தெரியாமல், இரண்டு கரையையும் விலக்கி நிறுத்தத் தலைகீழ் வளைவாகக் கான்கிரீட் போட்டார்கள். மேலே தெரியும் வளைவை வெளியே தெரியாத இன்னொரு வளைவு காப்பாற்றுகிறது. 2017, 2018இல் பெரிய பழுதுபார்ப்பு நடந்தது. பழைய பெயின்ட் அடுக்குகளை ஆராய்ந்து, அதுவரை சாம்பல் நிறமாக இருந்ததைக் கருஞ்சிவப்புக்கு மாற்றியிருக்கிறார்கள். இணையத்தில் இரண்டு நிறத்திலும் படங்கள் வருவதற்கு இதுதான் காரணம், குழம்ப வேண்டாம்.

1795 பிப்ரவரியில் செவர்னில் பெருவெள்ளம். பல பாலங்கள் சேதமாயின. மேற்கே கொஞ்ச தூரத்தில் பில்ட்வாஸ் என்ற ஊரில் இருந்த பழைய கல் பாலம் போய்விட்டது. இரும்பு வளைவுக்கு ஒன்றும் ஆகவில்லை. காரணம் எளிது: கல் பாலத்தில் தண்ணீரை மறிக்கத் தூண்கள் உண்டு, இதில் ஆறு முழுதும் திறந்த வாசல், விலாக்களுக்கு நடுவிலும் வெற்றிடம். போன பாலத்துக்குப் பதிலாக தாமஸ் டெல்போர்டு என்ற பொறியாளர் 1796இல் இரும்பிலேயே இன்னொன்று கட்டினார். கண் 130 அடி, இரும்பு 173 டன்தான். 15 வருஷத்தில் முப்பது அடி நீளம் கூடியிருக்கிறது, இரும்பு பாதிக்கும் கீழே போயிருக்கிறது! எவ்வளவு வேகமாகக் கற்றுக்கொண்டார்கள் என்பதற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம்.

டெல்போர்டின் கைவண்ணத்தில் சிறந்தது என்று நான் நினைப்பது வேறொன்று, ஸ்காட்லாந்தில் ஸ்பே ஆற்றின் மேல் கிரெய்கெல்லாக்கியில் இருப்பது. 1812 முதல் 1814 வரை கட்டினார்கள். சுமார் 150 அடி, ஒரே கண். முதல் பாலத்தின் பருமனைப் பார்த்துவிட்டு இதைப் பார்த்தால் வரைந்த கோடு மாதிரி இருக்கும். வேல்ஸில் வில்லியம் ஹேசில்டைனின் பட்டறையில் வார்த்து, கால்வாய்ப் படகில் கடலுக்குக் கொண்டுபோய், கப்பலில் ஸ்பே முகத்துவாரத்தில் இறக்கி, அங்கிருந்து வண்டி கட்டிக் கொண்டுவந்தார்கள். 1829 ஆகஸ்ட் வெள்ளத்தில் ஆறு 15 அடிக்கு மேல் ஏறியும் வளைவு அசையவில்லை. இதில் ஒரு நுணுக்கம் இருக்கிறது. இவ்வளவு மெல்லிய வளைவில் பாரம் ஒருபக்கமாக வரும்போது சில துண்டுகளில் இழுப்பும் வரும். 1960களில் அந்த இரும்பைச் சோதித்தபோது, சாதாரண வார்ப்பிரும்பைவிட இழுப்பைத் தாங்கும் சக்தி அதிகமாக இருந்தது. டெல்போர்டு கேட்டு வாங்கிய தரம் என்றே தோன்றுகிறது. எங்கே இழுப்பு வரும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

எல்லோருக்கும் தெரிந்திருக்கவில்லை. ரயில் வந்ததும் வளைவுக்கு இடமில்லாமல் போனது. தண்டவாளம் மட்டமாகப் போக வேண்டும், ஆறுகளை அதிக உயரமில்லாமல் கடக்க வேண்டும். நேரான கர்டர், அதாவது இரும்பு உத்தரம், வைத்தால் வேலை முடிந்தது. ஆனால் நேரான உத்தரத்தில் பாரம் வைத்தால் மேல்பாதி அமுங்கும், கீழ்ப்பாதி இழுபடும். வார்ப்பிரும்புக்கு ஆகாதது அந்தக் கீழ்ப்பாதி. ஹாட்ஜ்கின்சன் இதற்காகவே கீழ் விளிம்பை மேல் விளிம்பைவிட ஆறு மடங்கு பெரிதாக வைக்கச் சொன்னார். சின்னக் கண்களுக்கு அது சரிவந்தது.

இங்கிலாந்தின் செஸ்டரில் டீ ஆற்றின் மேல் ரயில்வே பொறியாளர் ராபர்ட் ஸ்டீபன்சன் வைத்தது சின்னக் கண் இல்லை, 98 அடி. மூன்று வார்ப்புகளைச் சேர்த்து ஒரு கர்டர். பலத்துக்குத் தேனிரும்புப் பட்டைகள். அந்தக் காலத்தில் இன்னொரு பாலம் நெருப்புத் தணலில் எரிந்துபோயிருந்தது. அந்தப் பயத்தில், 1847 மே 24 அன்று மரப் பலகைகளைக் காப்பாற்ற மேலே கூடுதலாக ஜல்லி கொட்டினார்கள். அன்று மாலையே ரயில் போகும்போது கர்டர் உடைந்தது. ஐந்து பேர் இறந்தார்கள். வார்ப்பிரும்பு வளையாது, முனகாது, முன்கூட்டி எதையும் காட்டாது. உடையும். அவ்வளவுதான். இதற்குப் பிறகு அரசு ஒரு விசாரணைக் கமிஷனே அமைத்தது. நீளமான கண்களுக்குப் பொறியாளர்கள் தேனிரும்பின் பக்கம் போனார்கள்.

அப்புறமும் ஆசை விடவில்லை. கர்டர் தேனிரும்பு, தாங்கும் தூண் வார்ப்பிரும்பு என்று பிரித்துக்கொண்டார்கள். தூணுக்கு அமுக்கம்தானே, கணக்குச் சரிதான். ஆனால் ஸ்காட்லாந்தின் டே பாலத்தில் பக்கவாட்டுக் காற்றைத் தாங்க வேண்டிய குறுக்குக் கம்பிகளைத் தூணோடு சேர்த்தே வார்த்த காதுகளில் மாட்டியிருந்தார்கள். காதுகளுக்கு வந்தது இழுப்பு. 1879 டிசம்பர் 28 இரவு, புயலில், பாலத்தின் நடுப்பகுதி ரயிலோடு ஆற்றில் விழுந்தது. ரயிலில் இருந்தவர் ஒருவரும் பிழைக்கவில்லை. விசாரணையில் இன்னொன்றும் வெளிவந்தது. வார்ப்பில் விழுந்த காற்றுத் துளைகளைத் தேன்மெழுகு, இரும்புத்தூள், விளக்குக்கரி கலந்த ஒரு பசையால் அடைத்து மறைத்திருக்கிறார்கள். சாயம் பூசினால் தெரியாது. கலப்படம் நம்மூர்ச் சொத்து என்று நினைப்பவர்கள் கவனிக்க.

இந்த வரிசையில் தில்லிப் பாலத்தை வைத்துப் பாருங்கள். ஈஸ்ட் இந்தியன் ரயில்வே அதை முடித்தது 1866இல். டீ விபத்து நடந்து 19 வருஷம் ஆகிவிட்டது. எனவே அதில் வளைவும் இல்லை, வார்ப்பிரும்புக் கர்டரும் இல்லை. பின்னல் பின்னலாக ரிவெட் அடித்த கர்டர்கள், 12 கண், ஒவ்வொன்றும் 202.5 அடி, மேலே ரயில், கீழே சாலை. அன்று ஒற்றைப் பாதை, 1913இல் இரட்டை ஆனது, 1930களில் எஃகுக் கர்டர்களாக மாற்றப்பட்டது. சாய்ந்து போகும் பட்டைகளில் ஒன்றுவிட்டு ஒன்று இழுப்பில் இருக்கும். வார்ப்பிரும்பில் இதைச் செய்திருந்தால் முதல் சரக்கு ரயிலுக்கே தாங்கியிருக்காது. தில்லியில் ஜனவரிக்கும் மே மாதத்துக்கும் 40 டிகிரி வித்தியாசம் வந்தால் ஒரு கண் சுமார் 3 சென்டிமீட்டர் நீளும். கர்டரின் முனை நகர இடம் விட்டால் போதும். வளைவில் அப்படி விட முடியாது, அது வெயிலில் நடுவே கொஞ்சம் எழும்பி, குளிரில் இறங்கும்.

வட இந்தியாவில் நிஜமான வார்ப்பிரும்பு வளைவு வந்தது லக்னோவுக்கு. நவாப் சாதத் அலி கான் கோமதி ஆற்றுக்காக இங்கிலாந்தில் ஆர்டர் கொடுத்தார். வடிவமைத்தவர் ஜான் ரென்னி. நவாப் 1814இல் இறந்துவிட்டார். பாகங்கள் வந்து இறங்கி, பல பத்தாண்டுகள் சும்மா கிடந்து, 1840களில்தான் பாலமாக எழுந்தன. அதற்குள் ரென்னியும் போய்ச் சேர்ந்திருந்தார். 1858 மார்ச்சில் லக்னோவுக்காக நடந்த சண்டையில் இந்தப் பாலம் முக்கியமான இடமாக இருந்தது. அரசாங்கக் காரியம் தாமதமாவது புதிய வியாதி இல்லை என்று தெரிகிறது.

இன்று ஏன் கட்டுவதில்லை என்பதற்கு மேலே சொன்னதோடு காசும் காரணம். 1856இல் எஃகை மொத்தமாகச் செய்யும் பெசமர் முறை வந்தபின் எஃகு மலிவாகிக்கொண்டே வந்தது. அமுக்கம், இழுப்பு இரண்டையும் தாங்கி, உடையும் முன் நெளிந்து எச்சரிக்கிற எஃகு கிடைக்கும்போது வார்ப்பிரும்புக்கு யார் போவார்கள்? வார்ப்பிரும்பு செத்துவிடவும் இல்லை. 1940களில் கொஞ்சம் மக்னீசியம் சேர்த்தால் கிராஃபைட் செதிலாக இல்லாமல் உருண்டையாக உறையும் என்று கண்டுபிடித்தார்கள். உங்கள் தெருவுக்குக் குடிதண்ணீர் கொண்டுவரும் பெரிய குழாய்கள் பெரும்பாலும் அந்த வகைதான்.

அக்கா வீட்டுக்குப் போனால்: பர்மிங்ஹாமிலிருந்து டெல்போர்டு என்ற ஊருக்கு ரயில் இருக்கிறது (அதே டெல்போர்டின் பெயர்தான்), அங்கிருந்து பஸ்ஸோ டாக்சியோ. பாலத்தின் மேல் நடந்துவிட்டுத் திரும்பிவிடாதீர்கள். கரையில் இறங்கி அடியிலிருந்து பாருங்கள், மூட்டுகள் அங்கிருந்துதான் தெரியும். தென்முனையில் சுங்கம் வசூலித்த சிறு வீடு இருக்கிறது, அதில் கட்டணப் பலகை. பட்டாளத்துக்காரர், தபால் வண்டி, அரச குடும்பம், யாருக்கும் விலக்கு கிடையாது என்று எழுதியிருக்கும். வண்டிகளை 1934இல் நிறுத்தினார்கள், நடந்து போகிறவர்களிடம் 1950 வரை வசூலித்தார்கள். இப்போது காசு கேட்க யாரும் இல்லை.